ஏரி மண்ணை அள்ளிப் பூசலாமா?

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

அமெரிக்காவின் இண்டியானா மாநிலத்தில் இருந்த மட்லேவியா சேற்றுக்குளியல் ஓட்டலின் வரலாற்றைத் தங்கள் ஞாயிறு மலரில் படித்தோம். 1890இல் இரண்டரை லட்சம் டாலர் செலவில் கட்டப்பட்டது, குத்துச்சண்டை வீரர் ஜான் எல். சல்லிவன் வந்து தங்கியது, 1920 பிப்ரவரியில் தீக்கிரையானது எல்லாம் சரியாகவே வந்திருக்கின்றன. ஆனால் சிகிச்சை முறை இரண்டே வரியில் முடிந்துவிட்டது. 1884இல் அங்கே வாய்க்கால் வெட்டிய மூட்டுவலிக்காரர் சேற்றில் நின்றே குணமானார் என்ற கதையை மட்டும் படிப்பவர்கள், எந்த மண்ணையும் பூசிக்கொள்ளலாம் என்று நினைத்துவிடக் கூடாது.

நாள்பட்ட மூட்டுவலிக்குச் சுகம் தருவது பெரும்பாலும் சூடுதான். சூடான சேறு தண்ணீரைப் போல உள்ளுக்குள் சுழலாததால் வெப்பத்தை மெதுவாக விடும். அதே காரணத்தால் ஓரம் ஆறியிருக்கும்போது நடுப்பகுதி கொதித்துக்கொண்டிருக்கும். கையால் தொட்டுப் பார்ப்பது போதாது. நன்றாகக் கிளறி, வெப்பமானியை நடுவில் செருகி, 40 டிகிரி செல்சியஸ் அளவில் இருந்தால்தான் பூசலாம். சிவந்து வீங்கிய மூட்டுக்குச் சூட்டுச் சேறு ஆகாது. சர்க்கரை நோயால் கால் மரத்தவர்களுக்குச் சுட்டாலும் தெரியாது என்பதால் அவர்களுக்கும் கூடாது.

நம் ஊரில் வழக்கம் குளிர்ந்த மண் குளியல். மேல்மண்ணை நீக்கி மூன்று, நான்கு அடி ஆழத்தில் எடுத்த மண்ணை வெயிலில் நன்றாகக் காயவைத்து, இடித்து, சலித்து, இரவு முழுக்க ஊறவைக்க வேண்டும். நம் பக்கத்துச் செம்மண்ணில் பொடிக்கல் அதிகம். சலிக்காமல் தேய்த்தால் தோல் சிராய்க்கும். தோசை மாவைவிடக் கொஞ்சம் கெட்டியாக, வெறும் வயிற்றில் பூசி, தலையை நிழலில் வைத்து 30 முதல் 45 நிமிடம் இருந்தால் போதும். குளிர் நடுக்கம் வந்தால் உடனே வெந்நீரில் கழுவிவிட வேண்டும். ஆஸ்துமா உள்ளவர்கள் இதைத் தவிர்ப்பது நல்லது. காயம், வெடிப்பு உள்ள இடத்தில் மண் படவே கூடாது. மண்ணில் இருக்கும் டெட்டனஸ் கிருமியின் வித்துகள் வெயிலில் காய்ந்தாலும் சாவதில்லை. ஒருவருக்குப் பூசிய மண்ணை இன்னொருவருக்குப் பூசுவதும் தவறு.

எங்களுக்குப் பெரிய கவலை மண் எடுக்கும் இடம்தான். ஆம்பூர், வாணியம்பாடி, ராணிப்பேட்டை வட்டாரத்தில் தோல் தொழிற்சாலைக் கழிவு பாலாற்றையும் ஏரிகளையும் பாழாக்கியது ஊரறிந்தது. ராணிப்பேட்டை சிப்காட்டில் மூடப்பட்ட ஆலையின் குரோமியக் கழிவு லட்சக்கணக்கான டன் குவிந்தது. அந்தக் கழிவில் உள்ள ஆறு இணைதிற குரோமியம் (குரோமியத்தின் நச்சு மிகுந்த வடிவம்) தோலில் அரிப்பும் புண்ணும் உண்டாக்கும். வெயிலில் காய வைப்பதாலோ சலிப்பதாலோ அது நீங்காது. எனவே ஏரி வண்டலைப் பார்க்க வழவழப்பாக இருக்கிறதே என்று அள்ளிவர வேண்டாம். பூச்சிமருந்து அடித்த வயல் மண்ணும் வேண்டாம்.

விவசாயிகளுக்கு அரசு தரும் மண் பரிசோதனை அறிக்கையான மண்வள அட்டை கையில் இருக்கிறதே என்று சிலர் கேட்கிறார்கள். அதில் இருப்பது கார அமிலத்தன்மை, தழை மணி சாம்பல் சத்து, நுண்ணூட்டங்கள் ஆகியவைதான். குரோமியமும் ஈயமும் அந்தப் பட்டியலில் இல்லை. கன உலோகச் சோதனை என்று தனியாகக் கேட்டு, அந்த வசதியுள்ள ஆய்வகத்தில் கொடுத்துப் பார்த்த பிறகே மண்ணை உடம்பில் பூச வேண்டும்.

இப்படிக்கு,
இயற்கை மருத்துவச் சிகிச்சையாளர்கள்,
வேலூர்.