கறுப்பனுக்கு ஆபரேஷன் செய்யலாமா?

அன்புள்ள கோமதி,

உன் கடிதம் வெள்ளிக்கிழமை கிடைத்தது. சின்னவளுக்கு வேலை கிடைத்த சேதியை அம்மாவுக்கு இரண்டு தரம் படித்துக் காட்டினேன். அவ்வளவு சந்தோஷம்.

உங்கள் நாய் கறுப்பன் மூன்று நாள் வீட்டுக்கு வராமல், காது கிழிந்து, ஒரு காலைத் தூக்கிக்கொண்டு வந்தான் என்று எழுதியிருந்தாய். கருத்தடை ஆபரேஷன் செய்யலாமா என்று கேட்டிருக்கிறாய். அண்ணன் 'பாவம், அவனுக்கு எதற்கு அது' என்கிறாராம். நானும் அப்படி நினைத்தவள்தான் கோமதி. அதனால்தான் எங்கள் நாய் செல்லிக்கு என்ன ஆனது என்று முழுசாக எழுதுகிறேன். போன கடிதத்தில் உடம்பு சரியில்லை என்று மட்டும் சொல்லி நிறுத்திவிட்டேன். அப்போது எழுதக் கை வரவில்லை.

அவளுக்கு ஏழு வயது. ஒவ்வொரு தடவை பருவத்துக்கு வரும்போதும் மூன்று வாரம் பின்கட்டில் அடைத்து வைப்போம். 'ஒரு ஈத்தாவது போடட்டும், அப்போதுதான் உடம்புக்கு நல்லது' என்று மாமியார் சொன்னார்கள். நானும் நம்பினேன். அதில் உண்மை இல்லை என்று இப்போதுதான் தெரிகிறது.

இந்த ஆடியில் பருவத்துக்கு வந்தாள். ஆவணி முடியும்போது தண்ணீர்க் கிண்ணம் திரும்பத் திரும்பக் காலியாகிக்கொண்டிருந்தது. வெயில் என்று நினைத்தேன். அப்புறம் வாலுக்குக் கீழே நக்கிக்கொண்டே இருந்தாள். தயிர்சாதத்தை முகர்ந்து பார்த்துவிட்டு விலகிப் படுத்தாள். முதலில் காட்டிய இடத்தில் காய்ச்சலுக்கு ஊசி போட்டு அனுப்பிவிட்டார்கள். இரண்டு நாள் வீணாகப் போனது. அடுத்த டாக்டர் ஸ்கேன் பார்த்ததும் சொல்லிவிட்டார், கர்ப்பப்பை முழுக்கச் சீழ்.

நாய்க்குச் சினை பிடித்தாலும் பிடிக்காவிட்டாலும் பருவம் முடிந்ததும் இரண்டு மாதம் போல சினைக்கால ஹார்மோன் ஒரே மாதிரி சுரக்குமாம். கர்ப்பப்பையின் உள்சுவர் தடித்துப் போகும். வருஷா வருஷம் இப்படியே நடந்தால் ஒருநாள் கிருமி அங்கே பிடித்துக்கொள்கிறது. கர்ப்பப்பையின் வாய் மூடிக்கொண்டால் சீழ் வெளியே வராது, அது இன்னும் ஆபத்து. அன்று ராத்திரியே ஆபரேஷன். எடுத்ததை டாக்டர் தட்டில் வைத்துக் காட்டினார். பென்சில் தடிமன் இருக்க வேண்டிய குழாய் என் மணிக்கட்டு அளவுக்கு வீங்கி, மினுமினுவென்று இருந்தது. எத்தனை நாள் அந்த வலியோடு என் பின்னால் வாலாட்டிக்கொண்டு நடந்தாளோ என்று நினைத்து அங்கேயே அழுதுவிட்டேன். சின்ன வயதிலேயே செய்திருந்தால் இது வந்தே இருக்காது. மடியில் கட்டி வரும் ஆபத்தும் வெகுவாகக் குறைந்திருக்கும்.

சரி, கறுப்பன் விஷயத்துக்கு வருகிறேன். விதையை எடுத்துவிட்டால் பெட்டையைத் தேடிச் சுவர் தாண்டுவது, கண்ட இடத்தில் காலைத் தூக்குவது, மற்ற கடுவன்களோடு மல்லுக்கு நிற்பது எல்லாம் பெரும்பாலும் குறையும். நாய்கள் இணையும்போது ஒன்றிடமிருந்து ஒன்றுக்குத் தொற்றுகிற ஒரு புற்றுக்கட்டி இருக்கிறது. தெருநாய்களிடம் அது அதிகம். திரியாதவனுக்கு அந்தப் பயமும் குறைவு. விதையில் புற்று வராது, வயதானபின் புராஸ்டேட் சுரப்பி வீங்குவதும் குறையும்.

ஆனால் சிலிண்டர்காரரைக் கண்டால் பல்லைக் காட்டுகிறான் என்று எழுதியிருந்தாயே, அது ஆபரேஷனால் போகாது. அவன் பயத்தில் செய்வது அது. பயந்த சுபாவமுள்ள சில நாய்களுக்கு ஆபரேஷனுக்குப் பிறகு பயம் கூடியதும் உண்டாம். அவர் வரும்போது கையில் பிஸ்கட்டோடு நின்று, தூரத்திலிருந்தே கொடுத்துக் கொடுத்துப் பழக்கு. இதை டாக்டரிடமும் மறைக்காமல் சொல்.

உன் தம்பி வீட்டு லேப்ரடார் குட்டிக்கும் சேர்த்துச் செய்துவிடலாம் என்று யோசிக்காதே. பெரிய ஜாதி நாய்களுக்கு எலும்பு வளர்ந்து முடிய நாளாகும், அதற்கு விதையிலும் சினைப்பையிலும் சுரக்கும் ஹார்மோன்களும் வேண்டும். கலிபோர்னியாவில் டேவிஸ் பல்கலைக்கழகத்தார் கோல்டன் ரெட்ரீவர்களைப் பற்றி 2013-இல் ஓர் ஆய்வு வெளியிட்டார்கள். ஒரு வயதுக்குள் ஆபரேஷன் செய்தவற்றுக்கு மூட்டுக் கோளாறு அதிகமாக வந்திருக்கிறது. கறுப்பன் நாட்டுநாய், இரண்டு வயது முடிந்துவிட்டது. அவனுக்கு அந்தக் கவலை வேண்டாம்.

அண்ணனிடம் சொல், இது ஒன்றும் புதுப் பழக்கமில்லை. சென்னையில் புளூ கிராஸ்காரர்கள் 1964-லேயே தெருநாய்களுக்குச் செய்யத் தொடங்கிவிட்டார்கள்.

ஆபரேஷனுக்கு முதல்நாள் ராத்திரிக்குப் பிறகு சாப்பாடு கொடுக்காதே. தையல் ஆறும்வரை, பத்துப் பன்னிரண்டு நாள், நக்கவே விடக்கூடாது. நக்க முடியாதபடி கழுத்தில் மாட்டிய கூம்போடு செல்லி ஒவ்வொரு நிலைப்படியிலும் முட்டி முட்டி நின்று என்னைத் திரும்பிப் பார்ப்பாள். மனசு கேட்காமல் ஒரு தரம் கழற்றினேன், ஒரு நிமிஷத்தில் தையலில் வாயை வைத்துவிட்டாள். நீ கழற்றிவிடாதே. அப்புறம் சாப்பாட்டில் கால்வாசியாவது குறைத்துவிடு. பசி கூடும், உடம்புக்குத் தேவைப்படுவதோ குறையும். நாய் பெருப்பது அதனால்தான்.

மார்கழி வந்தால் தெருவெல்லாம் நாய்க்கூட்டம் என்று உனக்குத் தெரியும். ஆபரேஷன் ஆன பிறகும் சில வாரம் கடுவனால் குட்டி கொடுக்க முடியும், பழைய புத்தியும் உடனே மாறாது. அதனால் ஐப்பசிக்குள் நாள் பார்த்துவிடு. தேதி குறித்ததும் எழுது. ரெண்டு நாள் லீவு போட்டு வந்து கூட இருக்கிறேன்.

செல்லிக்கு வயிற்றில் மழித்த இடத்தில் முடி முளைத்துவிட்டது. இதை எழுதும்போது என் காலடியில்தான் படுத்திருக்கிறாள்.

அன்புடன்,
உன் வசந்தா