அறிவித்தல் வந்தால் முதலில் பிரிவைப் பாருங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

கொழும்பில், வெள்ளவத்தையிலோ கொட்டாஞ்சேனையிலோ மொட்டைமாடியில் தகரக் கூரை போட்டவருக்கும், கடையை இரண்டடி முன்னே இழுத்தவருக்கும் 'அனுமதியற்ற கட்டுமானத்தை அகற்றுக' என்று மாநகர சபையிடமிருந்து அறிவித்தல் வந்தால், அவர் முதலில் தேடிப் போவது வட்டார உறுப்பினரை. அவரும் "பார்ப்போம்" என்பார். அதற்குள் தவணை முடிந்துவிடும்.

அந்தத் தாளில் எந்தச் சட்டம், எந்தப் பிரிவு என்று பாருங்கள். பெரும்பாலும் 1978ஆம் ஆண்டின் 41ஆம் இலக்க நகர அபிவிருத்தி அதிகார சபைச் சட்டத்தின் 28அ பிரிவாக இருக்கும். அதற்குப் பணியாவிட்டால் இடிப்பதற்கான கட்டளை கேட்டு நீதவானிடம் போவார்கள். அங்கே 'அனுமதிப்பத்திரம் எங்கே' என்பதுதான் கேள்வி. அறிவித்தல் முறையானதா என்ற வாதம் அங்கே அவ்வளவாக எடுபடாது. ஒப்பமிட்ட அதிகாரிக்கு அந்த அதிகாரத்தை நகர அபிவிருத்தி அதிகார சபை கையளித்திருந்ததா, உங்கள் பக்கத்தைக் கேட்டார்களா என்பவற்றையெல்லாம் அரசியலமைப்பின் 140ஆவது உறுப்புரையின் கீழ் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் ரிட் மனு (அதிகாரிகளின் முடிவு சட்டப்படி சரியா என்று நீதிமன்றத்தைப் பார்க்கக் கேட்கும் மனு) போட்டுத்தான் கிளப்ப வேண்டும். மாகாண மேல் நீதிமன்றத்துக்கும் ரிட் அதிகாரம் உண்டு, ஆனால் அரசியலமைப்பு மாகாண சபைகளுக்கு ஒதுக்கிய விடயங்களின் பட்டியலான மாகாண சபை நிரலில் உள்ளவற்றுக்கு மட்டுமே.

வீடு, கடைக்கு மாநகர சபை விதிக்கும் மதிப்பீட்டு வரி பற்றிய தகராறுக்கு வேறு பாதை. சபையிடம் ஆட்சேபனை கொடுத்து, அதன் தீர்மானம் பிடிக்காவிட்டால் 30 நாட்களுக்குள் மாவட்ட நீதிமன்றத்தில் வழக்கு. அதை விட்டுவிட்டு ரிட் கேட்டால், வேறு பரிகாரம் இருந்ததே என்பார்கள்.

ரிட் மனு தோற்பது அதிகமும் சட்டத்தால் அல்ல, கடதாசியால். மனுவோடு, சொல்வது உண்மை என்று சத்தியம் செய்து ஒப்பமிட்ட சத்தியக் கடதாசியும் ஆவணங்களின் மூலப்பிரதி அல்லது சான்றுப்படுத்திய பிரதியும் வேண்டும். வெறும் போட்டோக்கொப்பி போதாது. கிடைக்காவிட்டால் காரணத்தை மனுவிலேயே எழுதி, பின்னர் சமர்ப்பிக்க அனுமதி கேளுங்கள். சபைக் கோப்பைத் தகவல் அறியும் சட்டத்தில் கேட்கலாம். முடிவைச் சொல்ல அவர்களுக்கு 14 வேலை நாட்கள் உண்டு என்பதால் அறிவித்தல் வந்த அன்றே விண்ணப்பியுங்கள். முன்னர் வந்த எச்சரிக்கைக் கடிதத்தை மறைக்காதீர்கள். சபை அதை நீட்டும்போது, உண்மையை மறைத்தார் என்ற ஒரே காரணத்துக்காக மனு தள்ளுபடியாகும். மாதக்கணக்கில் தாமதித்தாலும் அதே கதி. மனு போட்டதும் இடிப்பு நின்றுவிடும் என்பதும் தப்பு. இடைக்காலத் தடையைத் தனியாகக் கேட்டுப் பெற வேண்டும்.

அறிவித்தல் சிங்களத்தில் மட்டும் வந்தால், தமிழில் பெறும் உரிமையை அரசியலமைப்பின் 22(2) தருகிறது. எழுத்தில் கேளுங்கள், பதிவுத்தபால் துண்டை வைத்திருங்கள். ஆனால் தமிழ்ப் பிரதி வரும்வரை தவணை ஓடாமல் நிற்கும் என்று நம்பி இருந்துவிடாதீர்கள். மாநகர சபையும் பிரிவு இலக்கத்தையும் ஒப்பமிடுபவரின் பதவியையும் தமிழில் தெளிவாக அச்சிட்டால், நீதிமன்றங்கள் இருக்கும் புதுக்கடைக்கு வீணாக அலைபவர்கள் பாதியாவது குறைவார்கள்.

சட்டத்தரணி ஒருவர்,
கொழும்பு 12.