அப்பாவின் தாள்களைப் பிரித்துக் கொடுத்த விரல்களுக்கு

குடியாத்தத்து உறவுகளுக்கு வணக்கம்.

கௌண்டன்ய ஆறு நம் தெருவுக்குள் வந்த கதையை உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. உங்கள் வீடுகளிலும் தண்ணீர் நின்றது. அதை அப்படியே விட்டுவிட்டு எங்கள் வீட்டுக்கு ஓடிவந்தீர்களே!

மறைந்த என் எழுத்தாளர் அப்பாவின் கைப்பிரதிகளைத் தலைச்சுமையாக மாடியேற்றிய பிள்ளைகள், ஐஸ் பெட்டியைக் காலி செய்து நனைந்த நோட்டுகளை அடுக்கவிட்ட கடைக்காரத் தம்பி (ஈரத்தாளில் இரண்டே நாளில் பூஞ்சை பிடிக்கும், உறையவைத்தால் தாங்கும்), லுங்கித் துணி சாயம் இறங்கும் என்று வெள்ளைத் துணியாகப் பார்த்துக் கிழித்துத் தந்த தறிக்கார அண்ணன், எல்லோருக்கும் கும்பிடு.

எதிர்வீட்டு அக்காவைப் பற்றி மட்டும் கொஞ்சம் விரிவாகச் சொல்லவிடுங்கள். பீடி சுற்றிப் பிழைப்பவர். அவர் வீட்டு இலையும் தூளும்கூட நனைந்துதான் போயின. இலையும் தூளும் கொடுக்கும் ஏஜென்ட் அதைக் கூலியில் கழிப்பார். ஒட்டிக் கிடந்த தாள்களோடு நான் மல்லுக்கட்டுவதைப் பார்த்து, "நவுரும்மா, நகம் படக்கூடாது" என்று உட்கார்ந்தார். ஊறிய இலையைக் கிழியாமல் பிரித்துப் பழகிய விரல். ஓரத்தை நீவி, சதையால் தூக்கி, ஒவ்வொரு தாளாகத் துணிமேல் போட்டார். பால்பாயிண்டில் எழுதியது நின்றிருந்தது. மைப்பேனா எழுத்துத்தான் பல இடங்களில் நீலக் கறையாகிவிட்டது.

பிரித்துக்கொண்டே படித்தார். ஒரு கதையில் கை நின்றது. "இன்னாம்மா இது, காலைல நனைச்சு உடனே வெட்ட உக்காந்தாளாம்? ராத்திரியே நனைச்சு ஈரத்துணில சுத்தி வெச்சாத்தானே இலை பதமா வரும்?" அடுத்த நோட்டில் அதே வரி அடிக்கப்பட்டு, ஓரத்தில் 'முந்தின ராத்திரியே' என்று அப்பாவின் கையெழுத்து. அச்சிலும் அப்படித்தான் இருக்கிறது. "எங்கம்மாவத்தான் கேட்டிருப்பாரு" என்றார் அக்கா. குரலில் பெருமை இல்லாமலில்லை.

அச்சானதே போதும், அடித்தல் திருத்தல் எதற்கு என்று கேட்கும் பெரியவர்களுக்கு இதைவிட நல்ல பதிலை நான் எங்கே தேடுவேன்? கதைக்கு உழைத்தவர்கள் அந்த ஓரங்களில்தான் இருக்கிறார்கள்.

அக்காவுக்குக் கூலி தர முயன்றேன், முறைத்தார். அதனால் ஊரறிய ஒன்று சொல்லிவிடுகிறேன். எழுதியவர் இறந்து 60 ஆண்டுவரை பதிப்புரிமை வாரிசுகளுக்கு என்கிறது சட்டம். அந்த உரிமையைப் பூட்டாக வைத்துக்கொள்ள மாட்டேன். தப்பிய பக்கங்களையெல்லாம் ஸ்கேன் செய்து, திருத்தங்களோடு, படிக்க வருகிற யாருக்கும் தருவேன். கரைந்துபோன பக்கங்களை என் ஊகத்தால் நிரப்பமாட்டேன், வெற்றிடமாகவே அச்சிடுவேன்.

அப்பா எழுதிய கடிதம், கல்யாண வாழ்த்து, துண்டுச்சீட்டு எது உங்களிடம் இருந்தாலும் காட்டுங்கள். நகல் எடுத்துக்கொண்டு அன்றைக்கே கையில் கொடுத்துவிடுகிறேன்.

அன்புடன்,
உங்கள் எழுத்தாளர் வீட்டுப் பெண்