ஊர் வாய் என்று சொல்லாதே, மங்கை

தென்காசி
15 ஜூன்

அன்புள்ள மங்கை,

உன் கடிதம் தை மாதம் வந்தது. இன்றைக்கு ஆனி பிறந்துவிட்டது. ஐந்து மாதமாகப் பதில் போடவில்லை என்று திட்டிக்கொண்டிருப்பாய், நன்றாகத் திட்டு. இங்கே எல்லோரும் சுகம். அவருக்குச் சர்க்கரை கட்டுக்குள் இருக்கிறது. சின்னவனுக்கு இன்னும் பெண் அமையவில்லை. சாரல் தொடங்கிவிட்டதால் துணி காய்வதில்லை. நீ கொடுத்தனுப்பிய மாங்காய்த் தொக்கு ஒரே வாரத்தில் காலி. எண்ணெயைத் தாராளமாக விடு என்று நாற்பது வருடமாகச் சொல்கிறேன், நீ கேட்பதாக இல்லை.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். போன மாதம் பெரியவள் வீட்டுக்குச் சென்னை போயிருந்தேன். பேத்திக்குக் கல்லூரியில் சினிமா ஒரு பாடம். அதற்காக ஒரு ராத்திரி பழைய சீன ஊமைப்படம் ஒன்றை லேப்டாப்பில் போட்டாள். பக்கத்தில் உட்கார்ந்து சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தேன். பத்து நிமிஷத்தில் தட்டைத் தள்ளி வைத்துவிட்டேன். நீ இருந்திருந்தால் முந்தானையைப் பிழிந்து காயப்போட்டிருப்பாய். ரத்னா தியேட்டர் மேட்னி ஷோவில் உன்னால் என் தாவணியும் சேர்ந்து நனைந்த நாட்கள் எனக்கு மறக்கவில்லை.

படத்தின் பெயர் 'தேவதை'. 1934-இல் ஷாங்காயில் எடுத்தது. அந்தச் சீனச் சொல்லுக்குத் தெருவில் நின்று பிழைப்பவள் என்றும் ஒரு அர்த்தம் உண்டாம். கதாநாயகிக்குப் பெயரே கிடையாது. கைக்குழந்தையோடு ஒருத்தி, ராத்திரியில் தெருவுக்குப் போய்ச் சம்பாதித்துப் பிள்ளையை வளர்க்கிறாள். ஒரு சூதாடி வந்து ஒட்டிக்கொள்கிறான். ஒரு காட்சியில் அவன் கால்களை அகட்டி நிற்கிறான், அந்த இரண்டு கால்களுக்கு நடுவே அவளும் குழந்தையும் தரையில் கிடப்பது தெரிகிறது. வேறு எதுவும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

பிள்ளையைப் பள்ளிக்கூடத்தில் சேர்க்கிறாள். பள்ளி விழாவில் பையன் மேடையேறிப் பாடுகிறான். தாய்மார் வரிசையில் இவளும் உட்கார்ந்திருக்கிறாள். அந்த முகத்தில் இருந்த சந்தோஷத்தை நான் எப்படி எழுதுவது? அப்போது வரிசையில் ஒருத்தி பக்கத்தில் இருப்பவள் காதில் என்னவோ சொல்கிறாள், அவள் அடுத்தவள் காதில் சொல்கிறாள், ஒவ்வொரு தலையாகச் சாய்கிறது. ஊமைப்படம் என்பதால் சத்தமே இல்லை. ஆனாலும் அந்தக் குசுகுசுப்பு எனக்குக் கேட்டது மங்கை. ஏன் கேட்டது என்று கடைசியில் சொல்கிறேன்.

நடித்தவள் பெயர் ருவான் லிங்யூ. படம் முடிந்ததும் பேத்தி ஒரே வரியில் சொன்னாள்: "பாட்டி, அடுத்த வருஷமே இவங்க இறந்துட்டாங்க." 24 வயது. அன்று ராத்திரி நான் தூங்கவில்லை. மறுநாளிலிருந்து பேத்தியை விட்டுத் தேடச் சொல்லி, படிக்கச் சொல்லி, அவளைப் பாடாய்ப் படுத்திவிட்டேன்.

1910-இல் ஷாங்காயில் பிறந்தாள். சிறு வயதிலேயே அப்பா போய்விட்டார். அம்மா ஒரு பணக்கார வீட்டில் வேலைக்காரி. அந்த வீட்டுச் சின்னப் பிள்ளை ஜாங் டாமின் இவள் மேல் ஆசைப்பட்டான், பதினாறு வயதில் அவனோடு வாழப் போய்விட்டாள். ஊரறியக் கல்யாணம் நடக்கவில்லை. 1926-இல் சினிமாக் கம்பெனியில் சேர்ந்தாள். நம் ஊரில் 1931-லேயே 'காளிதாஸ்' வந்து பேச ஆரம்பித்துவிட்டது. ஷாங்காயிலோ 1935 வரைக்கும் ஊமைப்படங்கள் ஓடிக்கொண்டிருந்தன, அதில் இவள்தான் ராணி. அவன் சூதாடித் தொலைத்தான், இவள் சம்பாதித்துக் கொடுத்தாள். கடைசியில் 1933-இல் வக்கீலை வைத்துப் பிரிந்தார்கள். பிரியும்போதும் மாதம் 100 யுவான் வரை இரண்டு வருடத்துக்கு இவள்தான் அவனுக்குக் கொடுக்க வேண்டும் என்று ஒப்பந்தம்! படித்தபோது எனக்கு வந்த கோபத்தில் பேத்தியின் மேஜையை அடித்துவிட்டேன்.

அடுத்தவன் டாங் ஜீஷான், தேயிலை வியாபாரி. இவளுக்கு முன்பே இன்னொரு பெரிய நடிகையோடு வாழ்ந்து, அவளைக் கைவிட்டவன். அது தெரிந்தும் ஏன் போனாள் என்று நீ கேட்பாய். நானும் கேட்டேன். அம்மாவையும் தத்தெடுத்த ஒரு பெண் குழந்தையையும் வைத்துக்கொண்டு, பழையவன் வந்து வாசலில் நின்று காசு கேட்கும்போது, பெரிய வீட்டுக்காரன் ஒருவன் "நான் பார்த்துக்கொள்கிறேன்" என்று சொன்னால் யாருக்குத்தான் ஆறுதலாக இருக்காது?

இதில் என்னை உலுக்கிய விஷயம் 1935 பிப்ரவரியில் வந்த 'புதிய பெண்கள்' படம். முந்தின வருடம் ஐ ஷியா என்ற நடிகை உயிரை மாய்த்துக்கொண்டிருந்தாள், பத்திரிகைகள் அவள் செத்த பிறகும் விடாமல் கிழித்தன. அதை வைத்துச் சாய் சூஷெங் என்ற டைரக்டர் எடுத்த படம் அது. ஒரு படித்த பெண், பிள்ளையின் வைத்தியத்துக்குக் காசில்லாமல் தவிக்கிறாள். அவளை அடைய நினைத்துத் தோற்ற ஒரு நிருபன் அவளைப் பற்றிக் கேவலமாக எழுதுகிறான். கடைசியில் ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்து, நான் வாழ வேண்டும் என்று அவள் கதறுகிறாள். அந்த வேஷம் நம் ருவானுக்கு. நிருபர்களுக்குக் கோபம் வந்துவிட்டது. தங்கள் தொழிலை இழிவுபடுத்தியதாகச் சொல்லி, ஸ்டுடியோவை மன்னிப்புக் கேட்க வைத்தார்கள். சமயம் பார்த்து ஜாங் டாமினும் கோர்ட்டுக்குப் போனான். கள்ள உறவு, திருட்டு என்று வழக்கு. அப்புறம் கேட்கவா வேண்டும்? யாருக்கு யார் மனைவி, வீட்டில் என்ன நடந்தது என்று ஷாங்காய்ப் பத்திரிகைகள் பக்கம் பக்கமாக எழுதின.

விசாரணைக்கு மார்ச் 9 என்று நாள் குறித்திருந்தார்கள். அவள் 8-ஆம் தேதியே போய்ச் சேர்ந்தாள். உலகப் பெண்கள் தினம் மங்கை, நான் பள்ளிக்கூடத்தில் முப்பது வருடம் கோலப்போட்டி நடத்திய நாள். ராத்திரி அவள் நிலை தெரிந்ததும், வெளியே விஷயம் பரவிவிடும் என்று பயந்து, இராத்திரி டாக்டர் இல்லாத ஓர் ஆஸ்பத்திரிக்கு டாங் ஜீஷான் கொண்டுபோனதாகச் சொல்கிறார்கள். மணிக்கணக்கில் நேரம் போய்விட்டது. அவளுடைய இறுதி ஊர்வலத்துக்கு லட்சக்கணக்கில் ஜனம். முந்தின வாரம் வரை அதே ஜனம்தானே காசு கொடுத்து அந்தப் பத்திரிகைகளை வாங்கியது?

அவள் எழுதியதாக ஒரு கடிதம் பத்திரிகைகளில் வந்தது. அதில் நாலு சீன எழுத்து, மனிதர் பேச்சு அஞ்சத்தக்கது என்று அர்த்தம். இன்றைக்கும் அவளைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லோரும் முதலில் சொல்வது அந்த நாலு எழுத்தைத்தான். நம் ஊரில் சொல்வோமே, உலை வாயை மூடலாம் ஊர் வாயை மூட முடியுமா என்று, அதே பேச்சு.

ஆனால் இன்னொரு கடிதமும் உண்டு. சில வாரங்கள் கழித்து ஒரு சின்னப் பத்திரிகையில் வந்தது. அதில் ஊர் இல்லை, ஆள் இருக்கிறது. நீ என்னை அடித்தாய், வேறொருத்தி பின்னால் போனாய் என்று டாங் ஜீஷானுக்கு நேராக எழுதியிருக்கிறது. முதலில் வந்த கடிதத்தை வெளியிட்டதே அவன்தான். இரண்டில் எது அவள் கையால் எழுதியது என்று இன்னும் வாதாடுகிறார்கள். எனக்கு இரண்டாவதைத்தான் நம்பத் தோன்றுகிறது. ஊர் பேச்சு கொன்றது என்று சொன்னால் யாருக்குச் சௌகரியம், நீயே யோசி. அடித்தவனுக்குச் சௌகரியம், வழக்குப் போட்டவனுக்குச் சௌகரியம், எழுதிய நிருபனுக்கும் சௌகரியம். ஊரை யார் பிடித்துக் கூண்டில் ஏற்றுவது?

லூ சுன் என்ற பெரிய சீன எழுத்தாளர் அந்த வருடமே இதைப் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். எங்களுக்கு என்ன செல்வாக்கு இருக்கிறது என்று பத்திரிகைக்காரர்கள் கை விரித்தபோது, அவர் விடவில்லை. பலசாலிகள் முன்னால் பத்திரிகை பூனை மாதிரி நிற்கும், தன்னைவிட எளியவள் கிடைத்தால் அதற்குப் பலம் வந்துவிடும் என்கிற மாதிரி எழுதியிருக்கிறார். ருவான் மாதிரி முகம் எல்லோருக்கும் தெரிந்த, ஆனால் எதிர்த்து அடிக்கக் கையில் எதுவும் இல்லாதவள் அவர்களுக்கு நல்ல தீனி என்றார். பேத்தி அதைப் படித்துச் சொன்னபோது நான் எழுந்து போய் முகம் கழுவிவிட்டு வந்தேன்.

ஏன் என்று உனக்கு இதற்குள் தெரிந்திருக்கும். மல்லிகா.

நாம் இரண்டாம் வருடம் படித்தபோது மல்லிகாவின் அப்பா வந்து, ஹாஸ்டல் வாசலில் டிரங்குப் பெட்டியைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டு, அந்த உலைவாய்ப் பழமொழியைத்தான் சொன்னார். வேறு ஒன்றும் சொல்லவில்லை. அவள் நம்மைத் திரும்பிப் பார்க்காமல் போனாள். ஊர் பேசியது, பாவம், படிப்பு போச்சு என்று நாமும் இத்தனை வருடமாக அப்படியே சொல்லிக்கொண்டு வருகிறோம். போன கடிதத்தில்கூட நீ "ஊர் வாயால் கெட்டாள்" என்றுதான் எழுதியிருந்தாய்.

மங்கை, ஜங்ஷன் டீக்கடையில் அவளை ஒருவரோடு பார்த்தது நான். மெஸ்ஸில் சாம்பார் வாளிக்குப் பக்கத்தில் வரிசையில் நின்றபோது உன் காதில் சொன்னது நான். கேட்டுச் சிரித்தது நீ. நீ திரும்பி ஆரோக்கியத்திடம் சொன்னாய், அவள் கையிலிருந்த தட்டு அப்படியே நின்றது, அடுத்தவள் பக்கம் சாய்ந்தாள். அந்தப் படத்தில் தலைகள் சாய்ந்தது போலவே. நாலு நாளில் வார்டன் காதுக்குப் போனது, பத்தாவது நாள் டிரங்குப் பெட்டி. டீக்கடையில் அவளோடு இருந்தவர் யார், அவளுக்கு என்ன உறவு என்று இன்றுவரை நமக்குத் தெரியாது. தெரிய வேண்டிய தேவையும் நமக்கு இருக்கவில்லை.

உன்னைக் குற்றம் சொல்ல இதை எழுதவில்லை. முதல் வாய் என்னுடையது.

ஆரோக்கியம் போன வாரம் போனில் பேசினாள். மல்லிகா சங்கரன்கோவிலில் தையல் கடை வைத்திருக்கிறாளாம், தெற்கு ரத வீதிப் பக்கம். பேரன் பேத்தி எல்லாம் இருக்கிறதாம். ஆடித்தபசுக்கு நான் போவதாக இருக்கிறேன். கோமதி அம்மனைப் பார்த்துவிட்டு நேரே அந்தக் கடைக்குப் போவேன். சுற்றி வளைக்காமல் "அன்றைக்குச் சொன்னது நான்தான்" என்று சொல்லப் போகிறேன். அவள் வெளியே போ என்றாலும் போகட்டும்.

தனியாகப் போகவும் துணிவு இருக்கிறது. ஆனால் நீ வந்தால் நன்றாக இருக்கும். மதுரையிலிருந்து உனக்கு ராஜபாளையம் வழியாக நேர் பஸ் உண்டு. முந்தின நாளே இங்கே வந்துவிடு, ராத்திரி அந்தப் படத்தைப் போட்டுக் காட்டுகிறேன், பேத்தி என் போனில் இறக்கிக் கொடுத்திருக்கிறாள். மாமாவிடம் கோயிலுக்கு என்று சொன்னால் போதும்.

வருகிறாயா இல்லையா என்று ஆனி முடிவதற்குள் எழுது. போனில் சொல்ல வேண்டாம், எழுது.

அன்புடன்,
செண்பகம்