கேமரா பிடித்தவனைப் பார்த்துச் சிரி

அன்புள்ள தம்பிக்கு,

உன் குறும்பட ஸ்கிரிப்டைப் படித்தேன். அதிர்ச்சி டாக்குமெண்டரிகளைக் கிண்டல் பண்ண ஒருவன் கிளம்பியதே எனக்குச் சந்தோஷம். கனத்த குரல் வர்ணனை, ஆடிக்கொண்டே இருக்கும் கேமரா எல்லாம் சரியாக வந்திருக்கிறது. ஆனால் சிரிப்பு முழுக்க உன் கதையில் வரும் பழங்குடி மக்கள் தலையில்தான் விடிகிறது. அதை மாற்றச் சொல்லத்தான் எழுதுகிறேன்.

இந்த வகைக்கு வழி போட்டது 1962-இல் வந்த இத்தாலியப் படம் ‘மோண்டோ கானே’. ஊர் ஊராகப் போய் வினோதச் சடங்குகளையும் மிருகவதையையும் எடுத்து, நடிக்கவைத்த காட்சிகளையும் நிஜத்தோடு கலந்து காட்டினார்கள். பின்னணியில் ரிஸ் ஓர்ட்டோலானியின் தித்திக்கும் இசை.

அதே ஓர்ட்டோலானிதான் 1980-இல் ருக்கேரோ தியோதாத்தோவின் ‘கேனிபல் ஹோலோகாஸ்ட்’டுக்கும் இசை. பரபரப்புக்காக அமேசான் கிராமத்தைக் கொளுத்தும் படக்குழுவைச் சாடுகிற கதை. படத்தில் கழுவேற்றப்பட்ட பெண் நிஜமாகவே செத்துவிட்டாள் என்று வழக்கே வந்தது. அவள் உட்கார்ந்திருந்தது கம்பத்தில் பொருத்திய சைக்கிள் சீட்டில். வாயில் கவ்வியிருந்தது லேசான மரத்துண்டு. நடிகர்கள் உயிரோடு இருப்பதை இயக்குநர் காட்டவேண்டியதாயிற்று. சரி, அதே படத்தில் வருகிற ஆமை? அதைக் கேமரா முன்னால் நிஜமாகவே கொன்றார்கள். யாரைத் திட்டினாரோ அவர்கள் வேலையையே அவரும் செய்தார். என்னால் மன்னிக்க முடியவில்லை.

அப்புறம் 1992-இன் பெல்ஜியப் படம் ‘மேன் பைட்ஸ் டாக்’கைப் பார். ரெமி பெல்வோ, ஆந்த்ரே பொன்செல், பெனுவா புல்வூர்ட் மூவரும் கையில் இருந்த சொற்பக் காசில் கறுப்பு வெள்ளையில் எடுத்தது. கொலைகாரன் ஒருவன் பின்னாலேயே டாக்குமெண்டரி குழு அலைகிறது. பிணம் தண்ணீரில் மிதக்காமலிருக்க எவ்வளவு எடை கட்டவேண்டும் என்று அவன் பாடம் நடத்துகிறான். இவர்கள் பதிவு செய்கிறார்கள். படத்துக்கு அவனே பணம் போடுகிறான். இவர்கள் பிணம் தூக்க உதவுகிறார்கள். ஒலிப்பதிவாளர் சுடப்பட்டுச் சாகிறார். டைரக்டர் கேமராவைப் பார்த்துத் தழுதழுக்கிறார்: கர்ப்பமாக இருக்கும் காதலி மரி-போலை விட்டுப் போய்விட்டாரே என்று. அடுத்த ஒலிப்பதிவாளரும் சாகிறார். அதே தழுதழுப்பு, அதே மரி-போல்! கிண்டல் என்றால் இதுதான். எந்த அப்பாவியும் அதில் கேலிப்பொருள் ஆகவில்லை. துக்கத்தையும் காட்சியாக்குகிறவன் வசமாக மாட்டிக்கொள்கிறான்.

உன் ஸ்கிரிப்டிலும் அப்படி ஒரு இடம் இருக்கிறது. பாட்டி அழுது முடித்ததும் டைரக்டர், “லைட்டிங் சரியில்லை, இன்னொரு தடவை அழுங்க” என்கிறான். அந்த இடத்திலிருந்து படத்தை ஆரம்பி. காட்டுவாசி நடனத்தைத் தூக்கிவிடு. மாற்றியதும் எனக்கு அனுப்பு.

அன்புடன்,
அண்ணன்