ஆய்வுக் கட்டுரை வாசிப்பு மன்றம்: செயலாளரின் ஆண்டறிக்கை

தலைவர் அவர்களுக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

சுற்றுச்சூழல் நச்சியல், குதிரை அறுவை சிகிச்சை, உணவு வேதியியல் என்று மூன்று துறைகளை எடுத்து, துறைக்கொரு குழுவாகப் படிப்பது என்று சென்ற பொதுக்குழுவில் முடிவு செய்தோம். மூன்றுக்கும் என்ன சம்பந்தம் என்று அன்றைக்கே சிலர் முணுமுணுத்தார்கள். ஆண்டு நகர நகர, ஒரு குழுவின் கூட்டத்தில் மற்ற குழுவினர் வந்து உட்காருவதே வழக்கமாகிவிட்டது.

தொடக்கம் அக்ரிலமைடு. 1997இல் தெற்கு ஸ்வீடனில் ஹாலன்சோஸ் ரயில் சுரங்கப் பணியில் நீர்க்கசிவை அடைக்க, அக்ரிலமைடு கலந்த பொருளைப் பாறைக்குள் செலுத்தினார்கள். அது சரியாக இறுகாமல் ஓடையில் கலந்தது. மீன்கள் செத்தன, அந்தத் தண்ணீரைக் குடித்த மாடுகள் கால் நிலைக்காமல் தள்ளாடின. அக்ரிலமைடு நரம்பைத் தாக்கும் பொருள். அதோடு ரத்தத்தில் ஹீமோகுளோபினோடு ஒட்டிக்கொள்வதால், சிவப்பணு உயிரோடிருக்கும் மாதங்கள் வரை தடயம் இருக்கும். அதனால் தொழிலாளர்களின் ரத்தத்தைச் சோதித்தார்கள். ஒப்பிடுவதற்காக, சுரங்கத்தின் பக்கமே போகாதவர்களின் ரத்தத்தையும் பார்த்தார்கள். அவர்களிடமும் அந்தத் தடயம் இருந்தது!

இதை ஏதோ அளவீட்டுக் கோளாறு என்று ஒதுக்கியிருக்கலாம். ஸ்டாக்ஹோம் பல்கலைக்கழகத்தில் மார்கரெட்டா டோர்ன்குவிஸ்ட் குழுவினர் ஒதுக்கவில்லை. எலிகளுக்கு வறுத்த தீனி கொடுத்துப் பார்த்தார்கள், தடயம் கூடியது. 2002 ஏப்ரலில், உருளைக்கிழங்கு வறுவல், ரொட்டி போன்றவற்றில் அக்ரிலமைடு இருப்பதை ஸ்வீடன் அறிவித்தது. அஸ்பராஜின் என்ற அமினோ அமிலமும் சர்க்கரையும் 120 டிகிரிக்கு மேல் சேரும்போது அது உண்டாகிறது என்பதும் அதே ஆண்டில் தெளிவானது. வறுத்த பண்டத்துக்கு நிறமும் மணமும் தரும் மெய்லார்டு வினையின் கிளைதான் இது. அவித்த கிழங்கில் இந்தத் தொல்லை அநேகமாக இல்லை.

இந்தக் கூட்டத்துக்குப் பிறகு வறுவலே வேண்டாம் என்று சிலர் கிளம்பினார்கள். அவர்களுக்காகச் சொல்கிறேன்: அக்ரிலமைடு புற்றுநோய் தரலாம் என்ற எச்சரிக்கைக்கு முக்கிய ஆதாரம் விலங்குச் சோதனைகள். உணவு வழியாக மனிதர்களுக்கு எவ்வளவு ஆபத்து என்பதில் ஆய்வுகள் இன்னும் ஒத்துப்போகவில்லை. கருகும்வரை விடாமல் பொன்னிறத்தில் எடுத்தால் அளவு குறையும், அவ்வளவுதான்.

குதிரைக் குழுவுக்கு வருகிறேன். குதிரைக்கு வாந்தி எடுக்க வராது. பெருங்குடல் முறுக்கிக்கொண்டால் சில மணி நேரத்தில் அறுவை நடக்க வேண்டும். அது நன்றாக முடிந்தாலும் கண்டம் தீர்வதில்லை. மயக்கம் தெளிகிற அரை டன் உடம்பு பதறி எழும்போது காலை உடைத்துக்கொள்ளக்கூடும். பொது மயக்கத்தையொட்டிய இறப்பு 1.9 சதவீதம் என்று 2002இல் வெளியான பெரிய பன்னாட்டு ஆய்வு சொன்னது. 2021இல் வந்த அதன் தொடர்ச்சியில் அது 1.0 சதவீதம், ஆனால் வயிற்றுவலி அறுவைகளில் மட்டும் 3.4. நாய், பூனைகளோடு ஒப்பிட்டால் இது மிக அதிகம். நின்ற நிலையிலேயே, அரைமயக்கத்தில் செய்யும் அறுவைகளை மருத்துவர்கள் நாடுவதற்கு ஒரு காரணம் இதுதான்.

அப்புறம் வலிநிவாரணி. குதிரையின் வயிற்றுவலிக்கு ஃப்ளூனிக்சின் கொடுப்பார்கள் என்று படித்த அன்று, நச்சியல் குழுவின் மூத்த உறுப்பினர் எழுந்து பாறுக் கழுகுகளைப் பற்றிப் பேசினார். கால்நடைகளுக்குப் போட்ட டைக்ளோஃபெனாக் என்ற இன்னொரு வலிநிவாரணி, அவற்றின் பிணத்தைத் தின்ற கழுகுகளின் சிறுநீரகத்தைச் செயலிழக்கச் செய்ததை 2004இல் பாகிஸ்தானில் நடந்த ஆய்வு நிறுவியது. 2006இல் இந்தியா, பாகிஸ்தான், நேபாளம் மூன்றும் கால்நடைகளுக்கு அதைத் தடுத்தன. மெலாக்சிகாம் கழுகுகளுக்குப் பாதுகாப்பான மாற்று என்று தெரிந்தது. ஃப்ளூனிக்சினும் கழுகுக்கு ஆகாது. அன்றைய விவாதம் இந்த ஆண்டின் சிறந்தது என்பது என் கருத்து.

ஆகவே குழுப் பிரிவினையைக் கைவிட்டு, எல்லோரும் ஒரே கட்டுரையைப் படிப்பது என்ற தீர்மானத்தை முன்வைக்கிறேன். முதல் கட்டுரையாக, டயர் ரப்பரில் சேர்க்கும் பொருள் ஓசோனோடு வினைபுரிந்து உண்டாகும் நச்சு, மழைநீரோடு ஓடைக்குப் போய் கோஹோ சால்மன் மீன்களைக் கொல்வதைக் காட்டிய 2020ஆம் ஆண்டு ஆய்வைப் பரிந்துரைக்கிறேன்.

வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார். இரவல் வாங்கிய இதழ்களை இன்னும் திருப்பித் தராதவர்கள், அவர் எழுந்திருப்பதற்குள் மேசையில் வைத்துவிடலாம்.