ஹாக்கின் வரலாற்றைக் காப்பாற்றித் தந்தவர்களுக்கு

அன்புடையீர்,

வணக்கம். சென்னைக் கிறித்தவக் கல்லூரியின் முதல்வராக இருந்த ஸ்காட்லாந்து இறையியலாளர் ஆல்ஃபிரட் ஜார்ஜ் ஹாக்கைப் பற்றித் தமிழில் நான் எழுதிவரும் வாழ்க்கை வரலாற்றின் கையெழுத்துத் தாள்கள் வெள்ளத்திலிருந்து தப்பிப் பிழைத்துவிட்டன. இந்த டிசம்பரில் எங்கள் பகுதிக்கு என்ன நேர்ந்தது என்பதை நீங்கள் எல்லோரும் அறிவீர்கள். அதைத் திரும்பச் சொல்ல எனக்கு மனமும் இல்லை, தெம்பும் இல்லை. கடைசிக் கட்டுத் தாளும் இன்று கைக்கு வந்து சேர்ந்தது. நாளைக்கு ஒத்திப்போடாமல் இன்றே இந்த மடலை எழுதிவிட வேண்டும் என்று உட்கார்ந்திருக்கிறேன்.

தங்கள் மாடியில் எங்களுக்கு இடம் கொடுத்து, என் தாயாரைத் தங்கள் தாயாரைப் போல் பார்த்துக்கொண்ட குடும்பத்தாருக்கும், இடுப்பளவு தண்ணீரில் வந்து அலமாரியைக் காலி செய்த மாணவர்களுக்கும், அழிந்துபோன பக்கங்களுக்கு மறுபடி படி எடுத்துத் தந்த நூலக ஊழியர்களுக்கும், எடின்பரோவிலிருந்து பழைய இதழ்களைப் படம்பிடித்து அனுப்பிய நண்பருக்கும், பெயர் தெரியாமலேயே பால் பாக்கெட்டும் மெழுகுவர்த்தியும் கொடுத்துவிட்டுப் போனவர்களுக்கும் நான் பட்டிருக்கும் கடன் பெரிது. ஒவ்வொருவர் வீட்டுக்கும் நேரில் வருவேன்.

ஆனால் ஒருவரைப் பற்றி மட்டும் இங்கே சற்று விரிவாகவே சொல்ல வேண்டியிருக்கிறது. அவர் எங்கள் தெருமுனையில் வேப்பமரத்தடியில் தள்ளுவண்டி வைத்து இஸ்திரி போடுகிற பெரியவர். நனைந்த தாள்களை மொட்டைமாடிக் கொடியில் கிளிப் மாட்டிக் காய வைத்துக்கொண்டிருந்தபோது, கீழேயிருந்து பார்த்துவிட்டு அவராகவே மேலே ஏறி வந்தார். “சார், கொடியில போட்டா முறுக்கிக்கும், எங்கிட்ட கொடுங்க” என்றார். அவருடைய கரியும் நனைந்துபோயிருந்தது. பக்கத்துப் பிரியாணிக் கடையில் கேட்டு ஒரு சாக்குக் காய்ந்த கரி வாங்கி வந்தார். பழைய வேட்டியை விரித்து அதன்மேல் தாளை வைத்தார், இன்னொரு துணியால் மூடினார், கரி நீறு பூத்துச் சூடு தணியும்வரை காத்திருந்தார், பெட்டியின் அடியில் ஒரு சொட்டுத் தண்ணீர் தெளித்துச் சத்தம் வராததைப் பார்த்துக்கொண்ட பிறகுதான் தொட்டார். பெட்டியை அவர் இழுக்கவே இல்லை, ஒரு குழந்தையைத் தட்டித் தூங்க வைப்பதுபோல வைத்து வைத்து எடுத்தார். ஒன்றோடொன்று ஒட்டிப்போன தாள்களைப் பாதி ஈரத்திலேயே மூலையில் நகத்தால் நெம்பிப் பிரித்தார். பால்பாயிண்ட் பேனாவால் எழுதியவை ஏறக்குறைய எல்லாமே மீண்டன. இங்க் பேனாவால் எழுதியவற்றில் பல நீலக் கறையாகிவிட்டன. காசு கொடுக்கப் போனபோது கையை மடக்கிக்கொண்டார். அதே மழையில் வண்டியிலிருந்த வாடிக்கையாளர்களின் துணிகளைப் பறிகொடுத்து, ஒவ்வொருவருக்கும் கொஞ்சம் கொஞ்சமாகப் பணம் கட்டிக்கொண்டிருப்பவர் அவர் என்பது எனக்குப் பின்னால்தான் தெரியவந்தது.

வேலை நடக்கும்போது அவர் தாள்களைப் படித்துக்கொண்டே வந்தார். 1875-இல் எகிப்தில், ஸ்காட்லாந்து மிஷனரி ஒருவரின் மகனாக ஹாக் பிறந்தது, எடின்பரோவில் மெய்யியலும் இறையியலும் படிக்கும்போது பெற்றோர் வழி வந்த விசுவாசமே ஆட்டம் கண்டு அவர் தவித்தது, டேவிட் கெயர்ன்ஸ் போன்ற நண்பர்களின் துணையோடு அதிலிருந்து மெல்ல மீண்டது, குருப்பட்டம் பெறாத ஆசிரியராகவே 1903-இல் சென்னைக்கு வந்து ஜார்ஜ் டவுனில் உயர்நீதிமன்றத்துக்கு எதிரே இருந்த கல்லூரியில் மெய்யியல் கற்பிக்கத் தொடங்கியது ஆகிய எல்லாம் அந்தத் தாள்களில் இருந்தன. வினையையும் மீட்பையும் பற்றி ஹாக் எழுதிய ‘கர்மா அண்ட் ரிடெம்ப்ஷன்’ என்ற ஆங்கில நூல் பற்றிய பகுதிக்கு வந்ததும் பெரியவர் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டுக் கேட்டார்: “இந்த ஜென்மத்துல படறதெல்லாம் போன ஜென்மத்து வினைன்னு சொல்றாங்களே, அதுக்கு இந்தத் துரை என்ன சொன்னாரு?”

எனக்குத் தெரிந்தவரை சொன்னேன். கல்லூரி இதழில் கட்டுரைகளாக வந்து 1909-இல் நூலான அந்த எழுத்தில், வினைக் கொள்கையை மூடநம்பிக்கை என்று ஹாக் தள்ளிவிடவில்லை. உலகத்தில் நீதி உண்டா என்ற பெருங்கேள்விக்கு இந்த நாடு ஆழ்ந்து யோசித்துக் கண்ட விடை அது என்று மதித்தே பேசினார். அவர் வேறுபட்ட இடம் ஒன்றுதான். அவனவன் செய்ததை அவனவனே அனுபவிக்க வேண்டும் என்பது நீதிமன்றத்துக்குப் பொருந்தும் ஒழுங்கு. ஆனால் ஒருவர் செய்த தீமை இன்னொருவரைத் தாக்குகிற அளவுக்கு மனிதர்கள் பிணைந்திருக்கும் உலகத்தில்தான், ஒருவர் துன்பத்தை இன்னொருவர் தாமே முன்வந்து ஏற்பதற்கும் இடமிருக்கிறது, மீட்பு என்பதே அங்கிருந்துதான் தொடங்குகிறது என்பது அவர் வாதம். பெரியவர் முழுவதையும் கேட்டார். பிறகு, “அதுவும் ஒரு வகையில நியாயம்தான் சார். ஆனா கணக்குன்னு ஒண்ணு இல்லாமப் போயிடுமா?” என்று சொல்லிவிட்டு அடுத்த தாளை எடுத்தார்.

ஹாக் இருந்திருந்தால் இந்த மறுப்பைத்தான் மற்ற எல்லாவற்றையும்விட விரும்பியிருப்பார் என்று உறுதியாக நம்புகிறேன். அவருடைய வகுப்பில் படித்த சர்வபள்ளி ராதாகிருஷ்ணன், வேதாந்தத்தில் அறநெறிக்கு இடமில்லை என்ற கிறித்தவத் திறனாய்வுக்கு விடையாகவே 1908-இல் தம் எம்.ஏ. ஆய்வுரையை எழுதினார். ஆசிரியர் மனம் புண்படுமோ என்ற அச்சம் அந்த இருபது வயது மாணவருக்கு இருந்தது. ஹாக் அந்த ஆய்வுரையைப் பாராட்டி நற்சான்று எழுதிக்கொடுத்தார். தம் சமயத்தைப் பரப்ப வந்த ஒருவர், தம் மரபின் வாதத்துக்கு எதிராக எழுதிய மாணவனின் சிந்தனைத் திறனை வாயார மெச்சியது சிறிய செய்தி அல்ல. ஹாக்கின் வாழ்க்கையில் எனக்கு மிகவும் பிடித்த பக்கம் இதுதான்.

பிற்காலத்தில் அவர் ஏற்றிருந்த பொறுப்பு பெரிது. 1928 முதல் 1938 வரை அவர் முதல்வராக இருந்தார்; நெரிசலான ஜார்ஜ் டவுனிலிருந்து தாம்பரத்துக் காட்டுக்குக் கல்லூரியை மாற்றிய பெரும்பணி அவர் காலத்தில்தான், 1937-இல் நிறைவேறியது. அந்த வளாகத்தின் மரங்களும் விடுதிகளும் தனி நூலுக்கு உரியவை என்பதால் இங்கே நான் நிற்கவில்லை. 1938 டிசம்பரில் அதே வளாகத்தில் உலக மிஷனரி மாநாடு கூடியபோது, கடவுளின் வெளிப்பாட்டுக்கும் பிற சமயங்களுக்கும் இடையே ஆழமான பிளவைக் கண்ட டச்சு அறிஞர் ஹென்ட்ரிக் க்ரேமரின் நூல் விவாதத்தின் மையத்தில் இருந்தது. அதை மறுத்து ஹாக் எழுதினார். பிற சமயத்தாரின் கோட்பாடுகளோடு வாதாடலாம், ஆனால் அவர்கள் கடவுளிடம் கொண்டிருக்கும் உயிருள்ள நம்பிக்கையை மனிதக் கற்பனை என்று ஒதுக்க யாருக்கும் உரிமையில்லை, அங்கேயும் கடவுள் மெய்யாகவே பேசியிருக்கக்கூடும் என்று முப்பது ஆண்டுகளுக்கும் மேல் சென்னையில் கற்பித்த அனுபவத்திலிருந்து சொன்னார். இந்து சமயத்தின் நிறைவே கிறித்தவம் என்று இணக்கமாகப் பேசியவர்களோடும் அவர் உடன்படவில்லை. பிறரிடம் இல்லாத பசியை இருப்பதாகக் கற்பித்துக்கொள்வது அவருக்குச் சரியாகப் படவில்லை. வேறுபாட்டை மறைக்காமலேயே மதிக்க முடியும் என்று அவர் காட்டியது அன்றைக்கு அரிது, இன்றைக்கும் அரிதாகவே இருக்கிறது.

ஆகவே ஒன்றை உங்கள் எல்லோர் முன்னிலையிலும் உறுதி சொல்கிறேன். வினை பற்றிய அத்தியாயத்தை, அழிந்துபோன பக்கங்களோடு சேர்த்துப் புதிதாக எழுதப்போகிறேன். அது பெரியவரின் கேள்வியோடு தொடங்கும், கணக்கு இல்லாமல் போகுமா என்ற அவருடைய மறுப்பும் அதில் அப்படியே இருக்கும், அதற்கு ஹாக்கின் வாயில் நானே ஒரு விடையை உண்டாக்கி வைக்க மாட்டேன். எழுதியதும் முதலில் அவரிடம்தான் படித்துக்காட்டுவேன். அவர் புரியவில்லை என்று சொல்கிற வரி எதுவும் அச்சுக்குப் போகாது. அவர் துணிக்கணக்கைத் தீர்ப்பதில் பங்கேற்க விரும்புகிறவர்கள் நேரே வண்டிக்குப் போய்த் துணி கொடுங்கள்; நன்கொடை என்றால் வாங்கமாட்டார்.

நெஞ்சார்ந்த நன்றியுடன்,
மேற்குத் தாம்பரத்திலிருந்து